விடுதி வரைகிறவர்களுக்கு: கோல்கொண்டைப் படியுங்கள்

தமிழ்நாட்டிலும் புதுச்சேரியிலும் மாணவர் விடுதிகளுக்கு வரைபடம் போடும் கட்டடக் கலைஞர்களுக்கும் பொறியாளர்களுக்கும்,

வணக்கம்.

ஒரு கோரிக்கையோடு எழுதுகிறேன். அடுத்த விடுதிக்கு எலிவேஷன் (முகப்பு வரைபடம்) வரையத் தொடங்கும் முன், புதுச்சேரி அரவிந்தர் ஆசிரமத்தின் ‘கோல்கொண்ட்’ விடுதியின் குறுக்குவெட்டு வரைபடத்தை மேசையில் விரித்து வையுங்கள். கட்டடக்கலை படித்தவர்கள் அந்தப் பெயரைக் கேள்விப்பட்டிருப்பீர்கள். வரலாற்று வகுப்பில் ஒரு ஸ்லைடாக வந்து போயிருக்கும். அதை வகுப்பிலிருந்து வேலை மேசைக்குக் கொண்டு வாருங்கள் என்றுதான் கேட்கிறேன். நம் கடற்கரையில், நம் வெயிலில், மனிதர்கள் ஏ.சி. இல்லாமல் நிம்மதியாகத் தூங்க வேண்டும் என்பதற்காகவே கான்கிரீட்டில் கட்டிய விடுதி அது. இன்றும் ஆட்கள் தங்கும் விடுதியாகவே இருக்கிறது. அதற்கப்புறம் இத்தனை ஆண்டுகளில் நாம் கட்டிய விடுதிகளில் பலவற்றைப் பற்றி அப்படிச் சொல்ல முடியாது.

நவீன கட்டடக்கலை எங்கோ ஐரோப்பாவில் பிறந்து, பிரெஞ்சுக் கட்டடக் கலைஞர் லெ கொர்புசியே வடிவமைத்த சண்டிகர் நகரம் வழியாக நமக்கு வந்தது என்றுதான் பொதுவாகச் சொல்லப்படுகிறது. சண்டிகருக்குப் பல ஆண்டுகள் முன்பே, 1937இல், புதுச்சேரியில் வேலை தொடங்கிவிட்டது. வரைந்தவர் அந்தோனின் ரேமண்ட். பொஹீமியாவில் பிறந்து அமெரிக்கா போய், அங்கே புகழ்பெற்ற கட்டடக் கலைஞர் ஃபிராங்க் லாயிட் ரைட்டிடம் வேலை பார்த்தவர். டோக்கியோவின் இம்பீரியல் ஹோட்டல் வேலைக்காக ஜப்பான் போய், அங்கேயே தனியாக அலுவலகம் போட்டார். அவருக்கு ஜப்பானில் பழக்கமாகியிருந்த பிரெஞ்சுப் பொறியாளர் பிலிப் பார்பியே சாந்திலேர், பின்னாளில் பவித்ரா என்ற பெயரோடு ஆசிரமத்தில் இருந்தார். அந்த வழியில்தான் வேலை ரேமண்டிடம் வந்தது. ஹைதராபாத் திவான் சர் அக்பர் ஹைதரி மூலம் நிஜாமிடமிருந்து ஒரு லட்சம் ரூபாய் கிடைத்தது. விடுதிக்கு ஹைதராபாத் பக்கத்துக் கோல்கொண்டாவின் பெயர் வந்தது அதனால்தான்.

ரேமண்ட் சில மாதங்கள்தான் புதுச்சேரியில் இருந்தார். அவர் அலுவலகத்திலிருந்து வந்த ஜார்ஜ் நகாஷிமாவும், செக் நாட்டுக்காரர் ஃபிரான்டிஷெக் சாமரும் தளத்தில் நின்று வேலையைப் பார்த்தார்கள். நகாஷிமாவுக்கு அரவிந்தர் சுந்தரானந்தா என்று பெயர் வைத்தார். பின்னாளில் பென்சில்வேனியாவில் மரவேலைக்காக உலகப் புகழ் பெற்ற அதே நகாஷிமாதான். இரண்டாம் உலகப் போர்க்காலத்தில் அமெரிக்க அரசு ஜப்பானிய வம்சாவளியினரை முகாம்களில் அடைத்தபோது அவரும் குடும்பத்தோடு அடைபட்டார். அவரை வெளியே கொண்டுவர உதவியவர் ரேமண்ட். புதுச்சேரி வெயிலில் ஒன்றாக வேலை செய்தவர்களின் உறவு அவ்வளவு தூரம் போயிருக்கிறது என்பதால் இதைச் சொல்கிறேன்.

சாமர் இன்னொரு காரணத்துக்காக முக்கியமானவர். 1930களின் தொடக்கத்தில் அவர் பாரிஸில் லெ கொர்புசியேயின் அலுவலகத்தில் இருந்தவர். அந்த அலுவலகம் அப்போது பாரிஸில் ஒரு விடுதி கட்டிக்கொண்டிருந்தது. இரட்சணிய சேனை (சால்வேஷன் ஆர்மி) என்ற கிறிஸ்தவத் தொண்டு அமைப்புக்காக, வீடற்றவர்கள் தங்குவதற்கு. ‘சிதே த ரெஃப்யூஜ்’ என்று பெயர். 1933 டிசம்பரில் திறந்தார்கள். தெற்குப் பக்கம் முழுக்கக் கண்ணாடிச் சுவர். திறக்கக்கூடிய ஜன்னல் ஒன்றுகூட இல்லை. இரட்டைக் கண்ணாடியும் குளிரூட்டும் இயந்திரமும் சேர்ந்து உள்ளே எப்போதும் ஒரே வெப்பநிலையில் வைத்திருக்கும் என்பது லெ கொர்புசியேயின் கணக்கு. பணம் போதவில்லை. கண்ணாடி ஒற்றையாகப் போனது, குளிரூட்டும் இயந்திரம் வரவேயில்லை. குளிர்காலத்தில் சமாளித்துவிட்டார்கள். கோடை வந்ததும் உள்ளே இருந்தவர்கள் வெந்து போனார்கள். ஜன்னல் வையுங்கள் என்று நகர அதிகாரிகள் சொன்னார்கள், அவர் நெடுநாள் மறுத்தார். 1944இல் குண்டு விழுந்து கண்ணாடி நொறுங்கிய பிறகு, பழுது பார்க்கும்போதுதான் அந்த முகத்துக்கு வெயில் மறைப்புப் பலகைகள் வந்தன.

பாரிஸ் வெயிலுக்கே அந்தக் கதி. இதைப் படிக்கும்போதெல்லாம் நம் புறநகர்க் கல்லூரிகளின் புதிய விடுதிகள்தான் எனக்கு நினைவுக்கு வருகின்றன. முன்பக்கம் நீலக் கண்ணாடி, அதைச் சுற்றி ஏ.சி.பி. எனும் அலுமினியப் பூச்சுத் தகடு, பக்கவாட்டில் யுபிவிசி பிளாஸ்டிக் சட்டம் வைத்த ஸ்லைடிங் ஜன்னல். குளிரூட்டும் இயந்திரம் எஸ்டிமேட்டில் இருந்து, பிறகு கழற்றப்பட்டிருக்கும். அல்லது வார்டன் அறைக்கு மட்டும் வந்திருக்கும். 1933இல் பாரிஸில் நடந்த அதே கணக்கு இங்கேயும் நடக்கிறது.

சரி, கோல்கொண்டுக்கு வருவோம். நினைத்த நேரத்தில் உள்ளே போய்ப் பார்க்க முடியாது, ஆசிரமத்தின் அனுமதி வேண்டும். ஆனால் தெருவில் நின்று பார்த்தாலே முக்கியமான விஷயம் புரிந்துவிடும். நம் கண் ஜன்னலைத் தேடும்; ஜன்னலே இருக்காது. மாடிக்கு மாடி, தூணுக்குத் தூண், முகம் முழுக்கப் படுக்கைவாட்டில் சிமெண்ட் பலகைகள் அடுக்கடுக்காக நிற்கும். லேசாக வளைந்த பலகைகள். கைப்பிடியைத் திருப்பினால் அந்த வரிசை முழுவதும் திறக்கும், பாதி மூடும், முழுக்க மூடும். வெயில் ஏறும்போது ஒரு கோணம், மழைக்கு ஒரு கோணம், இரவுக்கு ஒரு கோணம். அறையில் இருப்பவரே முடிவு செய்துகொள்ளலாம். கண்ணாடி கிடையாது. சுவர் என்று நாம் நினைக்கும் இடம் முழுவதும் திறக்கக்கூடிய இடம்.

இப்போது நாம் போடும் ஸ்லைடிங் ஜன்னலைப் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். நாலடி அகல ஜன்னலில் எப்போதும் இரண்டடிதான் திறக்கும், ஏனென்றால் ஒரு கதவு இன்னொன்றின் மேல் போய் உட்கார்ந்துகொள்ளும். அந்த இரண்டடியிலும் கொசுவலைச் சட்டம் வந்துவிடும். மழை பெய்தால் அதையும் சாத்த வேண்டும். வரைபடத்தில் ஜன்னல் பரப்பு விதிப்படி சரியாக இருக்கும். அறையில் காற்று இருக்காது.

பலகைகள் கண்ணில் படுகின்றன என்பதால் கோல்கொண்ட் என்றாலே அவற்றைப் பற்றி மட்டும்தான் பேசுகிறார்கள். எனக்கு அதைவிடப் பெரிதாகத் தெரிவது அதன் பிளான். கட்டடத்தின் நீளமான முகங்கள் இரண்டும் வடக்கையும் தெற்கையும் பார்க்கின்றன. காலையும் மாலையும் தாழ்வாக வந்து சுடும் கிழக்கு மேற்கு வெயிலுக்குக் குறுகிய பக்கங்கள்தான் காட்டப்படுகின்றன. அறைகள் எல்லாம் தெற்கில் ஒரே வரிசை. வடக்கில் நடை. அறைக்கும் நடைக்கும் நடுவே தேக்குச் சட்டங்கள் வைத்த நகரும் கதவு. அந்தக் கதவைச் சாத்தினாலும் சட்டங்களின் இடைவெளி வழியே காற்று போகும், ஆள் தெரியாது. தோட்டத்தின் மரநிழலில் குளிர்ந்த காற்று ஒரு பக்கப் பலகை வழியே நுழைந்து, அறையையும் கதவையும் நடையையும் கடந்து, எதிர்ப்பக்கப் பலகை வழியே வெளியேறிவிடும். காற்று நுழைய ஒரு வழி, வெளியேற ஒரு வழி. இது ஒவ்வொரு அறைக்கும் உண்டு.

நம் விடுதிகளில் நடுவில் இருட்டு நடை, இரண்டு பக்கமும் அறைகள். காற்று உள்ளே வந்தாலும் எங்கே போகும்? கதவுக்கு மேலே வென்டிலேட்டர் வைக்கும் பழக்கத்தையும் எப்போதோ விட்டுவிட்டோம். ஒற்றை வரிசை அறைகள் வைத்தால் நடைக்கான இடம் கூடும், செலவும் கூடும், அதை மறுக்கவில்லை. அந்தச் செலவை முகப்புக் கண்ணாடியிலிருந்தும் ஏ.சி.பி. ஷீட்டிலிருந்தும் எடுங்கள் என்கிறேன். இடம் உண்மையிலேயே பற்றாத தளத்தில், குறைந்தது வென்டிலேட்டரையும் சட்டம் வைத்த கதவையும் திருப்பிக் கொண்டு வாருங்கள்.

அடுத்தது கூரை. நான் தங்கியிருந்த விடுதியில் என் அறை கடைசி மாடியில். ஏப்ரல் பிறந்துவிட்டால் இரவு பதினொரு மணிக்கும் கூரைத் தளத்தில் கை வைக்க முடியாது. பகல் முழுக்கக் குடித்த வெயிலை கான்கிரீட் இரவில்தான் கீழே இறக்கும். ஃபேன் அந்த வெக்கையை நம் மேலேயே தள்ளும். பாயைத் தூக்கிக்கொண்டு மொட்டை மாடிக்குப் போவோம். பாதுகாப்புக் காரணம் சொல்லி அதையும் பூட்டிவிட்டார்கள். பிறகு தரையில் ஒரு வாளித் தண்ணீரை ஊற்றிவிட்டு அதன் மேலேயே படுப்போம். காலையில் பரீட்சை இருக்கும். இது ஒரு விடுதியின் கதை என்று நினைக்க வேண்டாம். கடைசி மாடியில் தங்கிப் படித்த யாரைக் கேட்டாலும் இதையே சொல்வார்கள்.

கோல்கொண்டின் கூரைத் தளத்துக்கு மேலே இன்னொரு தோல் இருக்கிறது. வளைந்த கான்கிரீட் ஓடுகளைத் தனியே வார்த்து, தளத்துக்கு மேல் இடைவெளி விட்டு அடுக்கியிருக்கிறார்கள். வெயில் ஓட்டின் மேல் விழும், இடையே காற்று ஓடும், தளம் நிழலில் கிடக்கும். வேறு எந்த மாயமும் இல்லை. நம்மிடம் செங்கல் ஜல்லியும் சுண்ணாம்பும் சேர்த்துக் கூரை மேல் போடும் வெதரிங் கோர்ஸ் எனும் வெயில் தடுப்பு அடுக்கு இருந்தது, மேலே தட்டோடு இருந்தது. இப்போது பல இடங்களில் அதற்குப் பதிலாக ஒரு கோட் வெள்ளைப் பெயிண்ட்தான் அடிக்கிறார்கள். இரண்டாவது கூரை போட முடியாவிட்டால் சோலார் தகடுகளையாவது தளத்திலிருந்து உயர்த்தி, முழு மாடிக்கும் நிழல் விழும்படி வையுங்கள். மின்சாரமும் வரும், கீழே இருப்பவர்களும் தூங்குவார்கள்.

உங்களிடமிருந்து வரக்கூடிய பதில்கள் எனக்குத் தெரியும். கொசு என்பீர்கள். பலகைக்கு உட்பக்கம் துருப்பிடிக்காத வலை அடிக்கலாம். வலை காற்றைக் குறைக்கும், ஆகவே திறப்பைப் பெரிதாக வைக்க வேண்டும் என்பதுதான் அதற்கு விடை. கோல்கொண்டின் பலகைகள் ஆஸ்பெஸ்டாஸ் சிமெண்ட் ஆயிற்றே என்பீர்கள். உண்மைதான், அதை இன்று யாரும் தொடக்கூடாது. சிமெண்ட் ஃபைபர் பலகை, அலுமினியம், சுட்ட மண், மரம் என்று எத்தனையோ இருக்கின்றன. எதுவும் கைக்கு வராவிட்டால் நம் ஊர்ப் பட்டறைகளில் வார்க்கும், துளைகள் உள்ள சிமெண்ட் ஜாலி போதும். கோல்கொண்டிலும் உள்ளூர்ச் சரக்கைத்தான் நம்பினார்கள். தரைக்குக் கடப்பா கல், உட்சுவருக்கு இங்கத்திய கொத்தனார்களுக்குக் கைவந்த வழவழப்பான சுண்ணாம்புப் பூச்சு. கைப்பிடி, தாழ்ப்பாள்களைப் பழைய பித்தளைப் பாத்திரங்களை உருக்கி ஆசிரமத்திலேயே வார்த்தார்கள்.

பராமரிப்பு என்ற பதிலுக்கு மட்டும் என்னிடம் எளிதான மறுமொழி இல்லை. கோல்கொண்ட் இன்றும் நன்றாக இருப்பதற்குக் காரணம் தினமும் அதைத் துடைத்துப் பார்த்துக்கொள்ளும் கைகள். அது இல்லாமல் போனால் என்ன ஆகும் என்பதற்கு அகமதாபாத்தைப் பாருங்கள். அங்கே ஐ.ஐ.எம். எனும் மேலாண்மைக் கல்லூரி வளாகத்தில் அமெரிக்கக் கட்டடக் கலைஞர் லூயி கான் கட்டிய செங்கல் விடுதிகள் 18. நம் நாட்டுக் கட்டடக் கலைஞர் பி.வி. தோஷி 1962இல் அவரை அழைத்து வந்தார். அந்த வேலைக்காக அகமதாபாத் வந்துவிட்டுத் திரும்பும் வழியில்தான் 1974 மார்ச்சில் நியூயார்க் ரயில் நிலையத்தில் கான் இறந்தார். 2001 நிலநடுக்கம், ஆண்டுக்கணக்கான நீர்க்கசிவு, உதிரும் செங்கல் என்று அவை நொந்துபோயின. 2020 டிசம்பரில் 14 விடுதிகளை இடித்துவிட்டுப் புதிதாகக் கட்டப்போவதாக நிர்வாகம் சொன்னது. உலகம் முழுவதிலிருந்தும் எதிர்ப்பு கிளம்பி, 2021 புத்தாண்டு அன்று அதைத் திரும்பப் பெற்றார்கள். 2022இல் சில கட்டடங்களை இடித்துக் கட்டும் பேச்சு மறுபடியும் வந்தது. ஆனால் அதே வளாகத்தில் நூலகத்தைக் கட்டடக் கலைஞர் பிருந்தா சோமையாவின் குழு பழுது பார்த்துக் கொடுத்து, அந்த வேலைக்கு 2019இல் யுனெஸ்கோ விருதும் கிடைத்தது. ஆக, பராமரிப்பு முடியாத காரியம் இல்லை. பலகையின் அச்சாணி கழன்றால் பக்கத்துப் பட்டறைக்காரர் ஒரு மணி நேரத்தில் மாட்டும்படி வரைவது உங்கள் கையில் இருக்கிறது. ஆண்டுதோறும் அதற்கென்று ஒரு தொகையை எஸ்டிமேட்டிலேயே காட்டுவதும் உங்கள் கையில்தான்.

லெ கொர்புசியேயும் பிறகு கற்றுக்கொண்டார். 1954இல் அகமதாபாத் ஆலை அதிபர்கள் சங்கத்துக்கு அவர் கட்டிய கட்டடத்தின் மேற்கு முகத்தில் கான்கிரீட் பலகைகளைச் சாய்வாக நிறுத்திச் சாயங்கால வெயிலைத் தடுத்தார், காற்றை விட்டார். பாரிஸ் விடுதியைக் கண்ணாடியால் அடைத்தவரும் அவரே. நவீனம் என்ற பெயரில் நீங்கள் பின்பற்ற நினைப்பது லெ கொர்புசியே போன்றவர்களை என்றால், அவர்கள் கடைசியில் வந்து சேர்ந்த இடத்திலிருந்து தொடங்குங்கள். கைவிட்ட இடத்திலிருந்து வேண்டாம்.

கோல்கொண்டை அப்படியே நகலெடுக்கச் சொல்லவில்லை. அது ஆளுக்கொரு அறை, அமைதியான ஆசிரம வாழ்க்கை. உங்கள் விடுதியில் ஒரு அறைக்கு நாலு பேர், ஈரத் துணி, இரும்புப் பெட்டி, இரவு முழுக்கப் பேச்சு. அதற்கேற்ற பலகையும் கதவும் வேறாக இருக்கட்டும், நீங்களே கண்டுபிடியுங்கள். ஆனால் டெண்டர் விடுவதற்கு முன், அந்தத் தளத்திலேயே ஒரே ஒரு அறையை முழு அளவில் கட்டுங்கள், கூரையோடு. மே மாதத்தில் நாலு கட்டில் போட்டு, வரைந்தவரும், எஸ்டிமேட் போட்டவரும், கையெழுத்துப் போடும் அதிகாரியும், நிர்வாகத்தில் ஒருவரும் அதில் ஓர் இரவு படுங்கள். நள்ளிரவில் ஃபேனை நிறுத்திவிடுங்கள். விடிந்ததும் எந்தக் கோடுகளை மாற்ற வேண்டுமோ மாற்றிவிட்டு, அப்புறம் டெண்டர் விடுங்கள்.

அன்புடன்,
விடுதியில் தங்கிப் படித்த ஒருவர்