மாநிறம் என்று எழுதி மறைத்தவர்கள்: அர்ஜென்டினா ரசிகர்களுக்கு ஒரு திறந்த மடல்

தமிழ்நாட்டில் அர்ஜென்டினாவுக்காகத் தொண்டை கிழியக் கத்தும் அண்ணன்மாருக்கும் தம்பி தங்கைகளுக்கும்,

வணக்கம். நானும் உங்கள் கட்சிதான். 2022 டிசம்பர் 18 இரவு, உலகக் கோப்பை இறுதியாட்டத்தில் நம் மான்டியேல் கடைசிப் பெனால்டியை அடித்ததும் லுங்கியோடு தெருவுக்கு ஓடியவன். மறுநாள் தொண்டை கட்டி, கடையில் டீ கூடச் சைகையில்தான் கேட்டேன்.

அதே இரவில் எங்கள் வாட்ஸ்அப் குழுவில் பிரேசில் கட்சிக்காரன் ஒருவன் ஒரு படம் போட்டான். ஒரு பக்கம் பிரான்ஸ் அணி, மறுபக்கம் நம் அணி. கீழே, “உங்க டீம்ல ஒரு கறுப்பு ஆள்கூடக் காணோமே, ஏன்டா?” நான் பெரிய மேதை மாதிரி உடனே தட்டினேன்: “இருந்தாங்க. போர்ல பாதி, காய்ச்சல்ல மீதி, எல்லாரும் செத்துட்டாங்க.” நாலு பேர் கட்டைவிரல் தூக்கினார்கள். அந்தப் பதில் தப்பு. அதைத் திரும்ப வாங்கிக்கொள்ளத்தான் இந்த மடல், ஏனென்றால் அதே பதிலை உங்கள் குழுக்களிலும் பார்க்கிறேன்.

பாதி உண்மை அதில் உண்டு. 1778இல் ஸ்பானிய ஆட்சியில் தலைக்கணக்கு எடுத்தபோது, இன்றைய தலைநகரான பியூனஸ் அயர்ஸ் நகரில் ஏறத்தாழப் பத்தில் மூன்று பேர் ஆப்பிரிக்க வழிவந்தவர்கள். 1817இல் விடுதலைப் போர்த் தளபதி சான் மார்ட்டின் ஆண்டிஸ் மலையைத் தாண்டிச் சிலிக்குள் இறங்கினாரே, அந்தப் படையின் 7ஆம், 8ஆம் காலாட்படைப் பிரிவுகள் விடுவிக்கப்பட்ட அடிமைகளால் ஆனவை. அப்புறம் 1865 முதல் 1870 வரை பராகுவே போர். 1871இல் பியூனஸ் அயர்ஸின் நெருக்கடியான தெருக்களில் மஞ்சள் காய்ச்சல். நிறையப் பேர் செத்தார்கள், மறுக்கவில்லை.

ஆனால் செத்தவர்களைவிடப் பேனாவால் காணாமல் போனவர்களைப் பற்றித்தான் நாம் பேசுவதில்லை. ‘திரிகேன்யோ’ என்று ஒரு ஸ்பானியச் சொல். ‘திரிகோ’ என்றால் கோதுமை. கோதுமை நிறத்தவர் என்று பொருள். வரலாற்றாசிரியர் ஜார்ஜ் ரீட் ஆண்ட்ரூஸ் பழைய பதிவேடுகளைப் புரட்டி, முன்பு கறுப்பர், கலப்பினத்தவர் என்று பதிவானவர்களில் பலர் பின்னாளில் இந்தச் சொல்லுக்குள் நகர்த்தப்பட்டதைக் காட்டினார். 1887இல் நகரத்தில் கணக்கெடுத்தபோது 4,33,375 பேரில் 8,005 பேர்தான் கறுப்பர் பக்கம் மிஞ்சினார்கள். நூற்றுக்கு இரண்டுகூட இல்லை.

இது நமக்குப் புரியாத வித்தையா என்ன? என் அக்காவுக்கு வரன் தேடியபோது தரகர் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து, “மாநிறம்னே போட்டுடலாம்மா, கறுப்புன்னு எழுதினா ஜாதகமே வராது” என்றார். அக்கா உள்ளே காபி கலந்துகொண்டிருந்தாள். அந்த ஒரு சொல்லில் அவள் நிறம் ஒரு படி ஏறியது. அங்கே அதை ஒரு நாடே செய்தது, அவ்வளவுதான். இதில் வேடிக்கை, அடிமை முறையை ஒழித்த அதே 1853 அரசியல் சட்டம்தான் தன் 25ஆம் பிரிவில் ஐரோப்பியக் குடியேற்றத்தை அரசு ஊக்குவிக்கும் என்றும் சொல்கிறது. இன்றைக்கும் அந்த வரி அப்படியே இருக்கிறது. கப்பல் கப்பலாக இத்தாலியரும் ஸ்பானியரும் வந்து இறங்க, ‘எங்கள் நாடு ஐரோப்பாவின் கிளை’ என்ற கதை கெட்டிப்பட்டது. 2002இல் ஆப்ரோ-அர்ஜென்டினர் அமைப்பு ஒன்றின் தலைவி மரியா லமட்ரிட் விமான நிலையத்தில் தடுத்து நிறுத்தப்பட்டார். கறுப்பாக இருக்கிறவரிடம் அர்ஜென்டினா பாஸ்போர்ட் எப்படி வந்தது என்று சந்தேகம். அவர் குடும்பம் அங்கே ஐந்து தலைமுறையாக இருக்கிறது.

நாம் பந்தாட்டக்காரர்கள், பந்தாட்டத்துக்கே வருகிறேன். அலெஹாந்த்ரோ டே லோஸ் சாந்தோஸ், 1925இல் தென்னமெரிக்கக் கோப்பை வென்ற அர்ஜென்டினா அணியில் இருந்த கறுப்பின முன்கள வீரர். ஹோசே ரமோஸ் டெல்காடோ, ஆப்பிரிக்காவுக்கு மேற்கே கடலில் கிடக்கும் கேப் வெர்டே தீவுகளிலிருந்து வந்தவரின் மகன். 1958, 1962 உலகக் கோப்பை அணிகளில் இடம்பெற்ற தடுப்பாட்டக்காரர். பிறகு பிரேசிலின் சான்டோஸ் அணிக்குப் போய்ப் பெலேயோடு ஆடினார். ஹெக்டர் பாலே, 1978இல் கோப்பை வென்ற அணியின் மாற்றுக் கோல்கீப்பர். பட்டப்பெயர் ‘சாக்லேட்’. செல்லமாம். மரடோனாவின் இடது கால் பாத அளவு வரை ஒப்பிக்கும் நாம் இந்த மூன்று பேரில் ஒருவரையாவது நம் குழுக்களில் பேசியிருக்கிறோமா? நான் பேசியதில்லை.

இசைக்குள் போனால் இன்னும் நீளும். ஒன்று மட்டும். நம் ஊர் லாவணியில் எரிந்த கட்சி, எரியாத கட்சி என்று இரண்டு பேர் மாறி மாறிப் பாட்டுக் கட்டி மடக்குவார்களே, அதே மாதிரி அங்கே ‘பயாதா’ என்று கிதாரோடு நடக்கும். அதில் பேர் போன கபினோ எசைசா ஒரு கறுப்பர்.

இன்னொருவரைச் சொல்லாமல் விட்டால் எனக்குத் தூக்கம் வராது. மரியா ரெமெடியோஸ் டெல் வாயே. 1810இல் கணவரோடும் பிள்ளைகளோடும், ஸ்பெயினை எதிர்த்த விடுதலைப் படையோடு வடக்கே போனவர். கணவரும் மகன்களும் திரும்பவில்லை. படைத்தளபதி பெல்கிரானோ அவரைக் கேப்டன் ஆக்கினார். 1813இல் அயோஹூமா போரில் எதிரி பிடித்து, ஒன்பது நாள் ஊர் நடுவில் கசையால் அடித்தான். தப்பி வந்தார். அப்புறம்? பியூனஸ் அயர்ஸ் சதுக்கத்தில் பிச்சை எடுத்தார். 1827இல் பழைய தளபதி வியமோந்தே அவரை அடையாளம் கண்டு, பிறகு சட்டமன்றத்தில் அவருக்காகப் பேசி, ஓய்வூதியத்துக்கு வழி செய்தார். 1847 நவம்பர் 8இல் இறந்தார். அந்த நாள்தான் 2013 முதல் ஆப்ரோ-அர்ஜென்டினர் தேசிய நாள். 2024இல் வந்த 10,000 பெசோ நோட்டில் பெல்கிரானோவுக்குப் பக்கத்தில் அவரும் இருக்கிறார்.

அர்ஜென்டினாவின் 2022 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் 3,02,936 பேர், தாங்கள் ஆப்பிரிக்க வழிவந்தவர்கள் என்று தாங்களே சொல்லியிருக்கிறார்கள். 2010இல் இதில் பாதிதான். செத்துப்போனவர்கள் என்று நான் தட்டியது இவர்களைப் பற்றித்தான்.

எதிர்க்கட்சிக்காரன் கேலி செய்வான், அது இருக்கட்டும். 2024இல் கோபா அமெரிக்கா கோப்பை வென்ற கையோடு நம் வீரர்களே பேருந்தில் பிரான்ஸ் அணியின் ஆப்பிரிக்கப் பூர்வீகத்தை இழிவுபடுத்திப் பாடினார்கள். அப்போது நம்மில் சிலர், “சும்மா ஜாலிக்குப் பாடினாங்க” என்று முட்டுக்கொடுத்தோம். அந்தப் பாட்டுக்கு முட்டுக்கொடுக்காமலும் இருக்கலாம், அர்ஜென்டினாவை விடாமலும் இருக்கலாம்.

கேட்பது பெரிதாக ஒன்றுமில்லை. அடுத்த உலகக் கோப்பைக்குப் பதாகை அடிக்கக் கொடுக்கும்போது, மெஸ்ஸியின் முழங்கைக்குக் கீழே எப்போதும் கொஞ்சம் இடம் காலியாகக் கிடக்கும். வழக்கமாக அங்கே நம் பாஸ்போர்ட் சைஸ் படங்களை வரிசையாக ஒட்டுவோம். அதில் என் படத்தை எடுத்துவிட்டு ரமோஸ் டெல்காடோவைப் போடுங்கள். எங்கள் ஊர்ப் பதாகைக்கு என் பங்கு 500 ரூபாய், வழக்கம்போல.

இப்படிக்கு,
தப்பாகப் பதில் சொன்ன ஒரு ரசிகன்