லைவ் சவுண்டுக்கு வர நினைக்கும் பாலக்கோட்டுத் தங்கைக்கு

அன்புள்ள தங்கைக்கு,

ஷூட்டிங்கில் சவுண்ட் வேலைக்கு வரலாமா என்று கேட்டிருந்தாய். தாராளமாக வா. பெரிய தொகை கட்டி ஏதாவது மூன்று மாத கோர்ஸில் சேர மட்டும் அவசரப்படாதே.

தமிழில் இன்னமும் நிறைய படங்களுக்கு டப்பிங்தான். அந்த ஸ்பாட்டில் எடுப்பது பைலட் டிராக். டப்பிங்கில் உதட்டசைவு பிடிக்க உதவும், அவ்வளவே. நீ தேட வேண்டியது, ஸ்பாட்டில் பேசுவதையே படத்தில் வைக்கும் லைவ் சவுண்ட் யூனிட். வெப் சீரிஸ், ரியாலிட்டி ஷோ, ஆவணப்படம் பக்கம் அது கிடைக்கும். முதல் வேலை பெரும்பாலும் லேபல் மைக், அதாவது உடைக்குள் ஒளித்து வைக்கும் சின்ன மைக், மாட்டுவதாக இருக்கும். நடிகைகளுக்கு மாட்ட ஒரு பெண் இருந்தால் யூனிட்டுக்கே நிம்மதி, அதனால் தயங்காதே.

லேபலை முகவாயிலிருந்து ஒரு சாண் கீழே, நெஞ்செலும்பின் மேல் வை. பட்டுப்புடவையும் பாலியஸ்டரும்தான் பெரிய தலைவலி. மைக் ஒரு பக்கமும் துணி ஒரு பக்கமும் அசைந்தால்தான் உரசல் வரும். மெடிக்கல் டேப்பை முக்கோணமாக மடித்து மைக்குக்கு இரு பக்கமும் ஒட்டி, இரண்டும் சேர்ந்தே அசையும்படி செய்துவிடு. மைக்குக்குக் கீழே ஒயரில் சின்ன வளையம் விட்டு அதையும் ஒட்டு. இழுபட்டால் வளையம் இழுபடும், மைக் அசையாது. பிறகு முந்தானையைச் சரிசெய்யச் சொல்லி, கையைத் தூக்கச் சொல்லி ஹெட்போனில் கேள். தாலியும் செயினும் மைக்கில் தட்டுகிறதா என்பது அப்போதுதான் தெரியும். வசனத்தின் மேல் ஏறிய சரசரப்பைப் பிறகு சாஃப்ட்வேர் சுத்தமாக எடுத்துவிடும் என்று நம்பாதே.

பூம், அதாவது நீளக் கழியில் மாட்டிய மைக், பிடித்தால் வாயிலிருந்து ஒன்றரை, இரண்டடி. மேலிருந்து சாய்த்து நெஞ்சைப் பார்த்து. வெளிப்புறத்தில் ஷாட்கன் மைக், நேர் எதிரே வருவதை அதிகம் வாங்கும் நீள மைக். சின்ன அறையில் அது சுவர் எதிரொலியைச் சேர்த்து வாங்கிக் குரலைக் கெடுக்கும், அங்கே ஹைப்பர்கார்டியாய்ட் என்ற வகை மைக்கைப் போடு. ரெக்கார்டரில் 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட் வை. மீட்டரில் வசனம் சராசரியாக மைனஸ் 20, உச்சம் மைனஸ் 10 டிபி (டெசிபல்). சண்டைக் காட்சி ரிகர்சலில் எல்லோரும் முணுமுணுப்பார்கள். அதை நம்பி லெவல் வைத்தால் டேக்கில் கத்தும்போது ஒலி உடைந்துவிடும்.

நம் மாவட்டத்துக்கு ஷூட்டிங் வந்தால் ஒகேனக்கல் இல்லாமல் இருக்காது. டைரக்டருக்கு நடிகர் முதுகுக்குப் பின்னால் அருவி வேண்டும். முன்னாலிருந்து நீட்டினால் மைக் நேராக அருவியைத்தான் பார்க்கும். தலைக்கு மேலிருந்து தரையை நோக்கிச் செங்குத்தாகப் பிடி. லேபலை அதிகம் நம்பு, உடம்பே ஓரளவு மறைப்பு. தொப்பூர் கணவாயில் லாரி உறுமலை 80 ஹெர்ட்ஸ் லோ கட், அதாவது அதற்குக் கீழான தாழ்ந்த ஒலியை வெட்டும் வடிகட்டி, குறைக்கும். அருவி இரைச்சல் எல்லா அதிர்வெண்ணிலும் இருப்பதால் எந்த கட்டும் அங்கே உதவாது. ஷாட் முடிந்ததும் நடிகரைக் கொஞ்சம் தள்ளிக் கூட்டிப்போய், பேசிய வேகம் மறப்பதற்குள் அதே வசனத்தை கேமரா இல்லாமல் ஒலி மட்டும் வைல்ட் டிராக்காக எடுத்துக்கொள். தனி அருவிச் சத்தமும் ஒரு நிமிடம் வேண்டும், எடிட்டர் கேட்பார்.

இப்போதைக்கு உனக்கு நல்ல பயிற்சி பட்டுப்புழு மனை. கூடு கட்டுவதற்கு முந்தைய ஐந்தாம் பருவத்துப் புழுவுக்குப் புது இலை போட்டதும் தூறல் மாதிரி ஒரு சத்தம் எழும். அதைப் பதிவு செய்து பார். தூரத்தில் வைத்து லெவலை ஏற்றினால் கருவியின் ‘உஸ்’ இரைச்சல்தான் கேட்கும். தூரம் பாதியானால் ஏறக்குறைய 6 டிபி கூடும், அதனால் கிட்டே போ. போன் என்றால், ஒலி அளவைத் தானாக ஏற்றி இறக்கும் ஆட்டோ லெவலை அணைக்க முடிகிற ஆப் வேண்டும். மனைக்காரரிடம் கேட்டுவிட்டு, கைகால் கழுவிக்கொண்டு நுழை. சென்ட் பூசிக்கொண்டு போகாதே, புழுவுக்கு ஆகாது.

முறையாகப் படிக்க ஆசை இருந்தால் பிளஸ் டூவுக்குப் பிறகு தரமணி அரசு திரைப்படக் கல்லூரியில் ஒலிப்பதிவுப் பிரிவு இருக்கிறது. டிகிரி முடித்தவர்களுக்குப் புனேயிலும் கொல்கத்தாவிலும் உள்ள திரைப்படக் கல்லூரிகள்.

புழுச் சத்தத்தை வேவ் ஃபைலாக அனுப்பு, எம்பி3 வேண்டாம்.

அன்புடன்,
அண்ணன்