எலிபண்டா மலைக்கு நம் ஆச்சிகளை ஏற்றிவிடுவோம்: நன்கொடை வேண்டுகோள்

தாராவி, சயான் கோளிவாடா, மாட்டுங்கா உறவுகளுக்கு வணக்கம்.

ஊரிலிருந்து யார் வந்தாலும் மும்பை கேட்வே ஆஃப் இந்தியாவில் படகு ஏற்றி எலிபண்டா குகைத் தீவைக் காட்டிவிடுகிறோம். ஒரு மணி நேரப் பயணம்தான். வீட்டில் இருக்கிற ஆச்சியைக் கூட்டிப் போனோமா? எங்கள் சந்தில் ஓர் ஆச்சி, திருநெல்வேலியிலிருந்து வாழ்க்கைப்பட்டு வந்து 51 வருடம். போன தை மாதம்தான் பேரனோடு முதல்முறையாகப் போனார். குட்டி ரயிலில் அடிவாரம் வரை ஜோராகப் போனவர், முப்பதாவது படியில் முழங்காலைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டார். நாற்காலியில் உட்காரவைத்துச் சுமந்து போகும் டோலிக்காரர்கள் வந்து கேட்டார்கள். விலையைக் கேட்டதும், "இந்தக் காசுக்கு ஒரு மாச மளிகை வாங்கிரலாம்லா" என்று சொல்லிவிட்டு, பாசிமணிக் கடை நிழலிலேயே மூன்று மணி நேரம் இருந்துவிட்டுத் திரும்பினார்.

மொத்தமே சுமார் 120 படிதான். அதைத் தனியாகத் தாண்ட முடியாமல் எத்தனை பேர் இருக்கிறார்கள் என்று விசாரித்தோம். எங்கள் பக்கத்துச் சந்துகளில் மட்டும் 40 பெயர் சேர்ந்தது. வரும் தை மாதம் ஒரு சனிக்கிழமை, இந்த 40 பேரையும் துணைக்கு 12 பேரையும் கூட்டிப் போகிறோம். (ஞாயிறு கூட்டம் நெரியும், திங்கள் குகைக்கு விடுமுறை.)

மேலே அப்படி என்ன இருக்கிறது என்று சில பிள்ளைகள் கேட்டார்கள். முதலில் அந்த மலையே ஒரு காட்சி. சுமார் 6 கோடியே 60 லட்சம் ஆண்டுகளுக்கு முன் பூமி வெடித்து, எரிமலைக் குழம்பு அடுக்கு மேல் அடுக்காக வழிந்து இறுகியதுதான் மகாராஷ்டிரத்தின் பெரும்பகுதி. சஹ்யாத்ரியும் (அங்குள்ள மேற்குத் தொடர்ச்சி மலை) அந்தப் பாறைதான், கடலுக்குள் நிற்கும் இந்தத் தீவும் அதேதான். நம் மாமல்லபுரத்துக் கல் வேறு ஜாதி. அது பூமிக்கு அடியில் மெள்ள ஆறியது, அதனால் மணி மணியாகத் தெரியும். இது வெளியே வழிந்து சீக்கிரம் ஆறிய பசால்ட். உற்றுப் பார்த்தாலும் மணி தெரியாது.

அந்தக் கல்லைக் குடைந்து ஆறாம் நூற்றாண்டில் சிவனுக்கு ஒரு மண்டபம் செய்திருக்கிறார்கள். மூன்று ஆள் உயரத்துக்கு மூன்று முகச் சதாசிவன். அர்த்தநாரி, கங்காதரன், கல்யாணசுந்தரர் எல்லோரும் இருக்கிறார்கள். கயிலையை அசைக்கும் ராவணனும் உண்டு. சம்பந்தர் பதிகங்களில் எட்டாம் பாட்டு வந்தால் ராவணன் வருவான் என்பது தேவாரம் பாடும் நம் பெரியவர்களுக்கு நன்றாகத் தெரியும். சம்பந்தர் பிறப்பதற்கு முன்பே இங்கே அவனைச் செதுக்கிவிட்டார்கள். யுனெஸ்கோ 1987-ல் உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தது இருக்கட்டும், அந்தச் சுவருக்கு முன்னால் நம் ஆச்சிகள் எட்டாம் பாட்டைப் பாட வேண்டும் என்பது எங்கள் ஆசை.

நடக்கத் தெம்புள்ளவர்கள் குகையைத் தாண்டிப் பீரங்கி மேடு வரை ஏறலாம். பாதை மண்ணும் கல்லுமாக இருக்கும், செருப்பு வழுக்கும். மேலே பழைய பீரங்கிகள் கடலைப் பார்த்துக் கிடக்கின்றன, அக்கரையில் நாவாஷேவா துறைமுகத்துக் கிரேன்கள்.

செலவு: இரண்டு மினி பஸ், படகு டிக்கெட், நுழைவுக் கட்டணம், சாப்பாடு, 14 டோலி எல்லாம் சேர்த்து 80,000 ரூபாய். இதில் பெரிய தொகை டோலிக்குத்தான். நான்கு பேர் தோளில் சுமந்து ஏறி இறங்கும் வேலைக்கு அவர்களிடம் பேரம் பேசிக் குறைக்க எங்களுக்கு மனம் வரவில்லை. கையில் 23,500 இருக்கிறது. இன்னும் 56,500 வேண்டும். நூறு ரூபாயும் சரி, ஒரு டோலிச் செலவை முழுதாக ஏற்றாலும் சரி. பணமாக முடியாதவர்கள் புளியோதரை கட்டிக் கொடுக்கலாம். மூடி போட்ட டப்பாவில் மட்டும் கொடுங்கள், அங்கே குரங்குகள் பொல்லாதவை.

ஞாயிறுதோறும் காலை 9 மணிக்குமேல் கோயில் திண்ணையில் குழுவினர் இருப்போம். ரசீது கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள். போய் வந்த மறுவாரம் வரவுசெலவை அதே திண்ணைச் சுவரில் ஒட்டிவிடுவோம்.

பட்டியலில் முதல் பெயர் அந்த ஆச்சியுடையது. "டோலி எனக்கு வேண்டாம், இந்தத் தடவை ஏறிப்பிடுவேன்" என்கிறார். எதற்கும் அவருக்கும் ஒன்று சேர்த்துத்தான் 14.

அன்புடன்,
பயணக் குழுவினர்