மம்மல் நேரத்தில் குளக்கட்டை மறிக்காதீர்கள்

வன்னிக்குப் படமெடுக்க வரும் இயக்குநர்களுக்கும் ஒளிப்பதிவாளர்களுக்கும்,

வணக்கம். போன கிழமை எங்கள் குளக்கட்டில் நடந்தது உங்களில் சிலருக்குத் தெரியும். மம்மலில், அதுதான் பொழுதுபடும் நேரம், கயிறு கட்டிப் பாதையை மறித்தீர்கள். மாடு சாய்த்துக்கொண்டு வந்த அக்கா ஒருவர் அங்காலே நின்றார். "ஒரு ஷொட்தான் அம்மா" என்று ஒரு தம்பி மரியாதையாகத்தான் சொன்னார். ட்ரோன் எழும்பிய சத்தத்தில் இரண்டு நாம்பன்கள் வெருண்டு காட்டுப் பக்கம் ஓடிவிட்டன. இருட்டினால் அது யானை இறங்கும் பக்கம். உங்களுக்கும் அது தெரியும். அதனால்தானே படமெடுத்த கையோடு வாகனத்தில் ஏறிவிட்டீர்கள். அக்கா ரோச் லைற்றோடு முன்னே போக, யானை வெடியோடு நாங்கள் பின்னே போனோம். ஒன்று அகப்பட்டது. மற்றதை விடிந்த பிறகுதான் கண்டோம்.

தயவுசெய்து அந்த நேரத்தில் கட்டை மறிக்காதீர்கள்.

உங்கள் அவசரம் விளங்காமல் இல்லை. 1978இல் வந்த 'டேய்ஸ் ஒஃப் ஹெவன்' படத்தைப் பெரும்பாலும் அந்த மம்மல் வெளிச்சத்திலேயே எடுத்து ஒளிப்பதிவாளர் நெஸ்டோர் அல்மென்ட்ரோஸ் ஒஸ்கார் வாங்கினார். அது கனடாவின் அல்பேர்ட்டா. வடக்கே தள்ளிய இடம், மம்மல் நீண்டு கிடக்கும். இங்கே பொழுது பட்டு 20 நிமிடம் சொச்சத்தில் இருட்டு. மாடு பட்டிக்கு வரவும், ரியூசன் பிள்ளைகள் வீடு சேரவும் எங்களுக்கும் அதே 20 நிமிடம்தான்.

அப்படி எடுத்த படத்திலாவது என்ன இருக்கிறது? மொட்டைப் பனை, சிவந்த வானம், வெறித்துப் பார்க்கும் தாய், புல்லாங்குழல். மாலையையும் காத்திருத்தலையும் முல்லைக்கு வைத்தது நம் இலக்கணம்தான், சரி. ஆனால் முல்லைப் பாட்டில் போனவன் கார்காலத்தோடு திரும்பிவிடுவான். 2017 பெப்ரவரி 20இல் கிளிநொச்சி கந்தசுவாமி கோவிலடியில் காணாமல் ஆக்கப்பட்ட பிள்ளைகளைக் கேட்டு உட்கார்ந்த தாய்மார் பொழுதுபடட்டும் என்று பார்த்திருந்து உட்காரவில்லை. பட்டப்பகலில், தெருவோரக் கொட்டகை வெக்கையில் உட்கார்ந்தார்கள். மத்தியான வெயில் முகத்துக்கு அழகில்லை என்று உங்கள் கமராக்கள் நினைத்தனவோ தெரியாது.

கோபத்தில் எங்கேயோ போய்விட்டேன், குறை நினைக்க வேண்டாம். கேட்பது இவ்வளவுதான்: பின்னேரம் 5.30க்குப் பிறகு கட்டை மறிக்காதீர்கள். கட்டாயம் என்றால் முதல்நாளே கமக்காரர் அமைப்பிடம் ஒரு சொல் சொல்லுங்கள், மாட்டை நேரத்தோடு திருப்பிவிடுவோம். மாடு கடக்கும்வரை ட்ரோன் நிலத்தில் இருக்கட்டும். மாடுகள் உங்கள் படத்துக்குள் விழுந்தால் விழட்டும், அதற்குக் காசு கேட்கமாட்டோம்.

இப்படிக்கு,
கட்டுக்கு அங்காலே வயல் செய்யும் ஒருவன்