இராஜகிருகம் செல்லும் நண்பனுக்கு

அன்புள்ள சுந்தரம்,

உன் கடிதம் கிடைத்தது. மகளுக்குச் சுகப்பிரசவம் ஆன செய்தியும், நீயும் மங்களமும் வரும் மார்கழியில் கயைக்கும் இராஜகிருகத்துக்கும் செல்லவிருக்கும் செய்தியும் ஒருசேர வந்து மனத்தை நிறைத்தன. எனக்குக் கண்புரை அறுவை நல்லபடியாக முடிந்து, மறுபடியும் இரவில் படிக்க முடிகிறது. இப்போது கையில் இருப்பது, பௌத்தத் துறவிகளுக்கான ஒழுக்க விதிகளைச் சொல்லும் விநய பிடகம். ஆகவே, புத்தர் உண்மையில் போதித்தது என்ன என்ற உன் கேள்விக்கு அதை வைத்தே விடை எழுதுகிறேன்.

துக்கம், அதன் காரணம், அதன் நீக்கம், நீக்கும் வழி என்னும் நான்கு வாய்மைகளும், அந்த வழியான எண்வகை நெறியும் உனக்குத் தெரிந்தவையே. சாரநாத்தின் மான் சோலையில் ஐந்து துறவிகளுக்கு அவர் முதலில் சொன்னவை அவை. ஆனால் அந்த ஐவரோடு தொடங்கிய சங்கம், அதாவது துறவியர் கூட்டம், எப்படிக் கூடி வாழ்ந்தது என்பதைப் பார்த்தால்தான் அந்தப் போதனை எத்தகையது என்று புரியும் என்பது என் துணிபு. விநயத்தின் விதிகள் பெரும்பாலும் முன்கூட்டியே வகுக்கப்பட்டவை அல்ல. ஏதோ ஒன்று நடக்கிறது, யாரோ முறையிடுகிறார்கள், புத்தர் விசாரிக்கிறார், அதன்பிறகே விதி பிறக்கிறது. பறவைகள்கூட மழைக்காலத்தில் மர உச்சியில் கூடு கட்டித் தங்குகின்றன, இந்தத் துறவிகளோ பசும்புல்லையும் சிற்றுயிர்களையும் மிதித்துக்கொண்டு திரிகிறார்களே என்று ஊரார் குறைகூறிய பிறகுதான் மழைக்காலத்தில் மூன்று மாதம் ஓரிடத்தில் தங்கும் வழக்கம் ஏற்பட்டது. ஒன்று உள்ளபோது மற்றொன்று அதைச் சார்ந்து தோன்றுகிறது என்பதே அவருடைய தத்துவத்தின் உயிர்நாடி. நம் மணிமேகலையின் முப்பதாம் காதை பேதைமை, செய்கை, உணர்வு எனப் பன்னிரண்டு சார்புகளாக விரிப்பதும் அதைத்தான். அந்தத் தத்துவத்தை அவர் அன்றாட நிருவாகத்திலும் கைவிடவில்லை.

கயையில் பிக்குகளைக் காணும்போது அவர்களுடைய சீவர ஆடையை அருகில் நின்று பார். அது முழுத் துணியாக இராது. நீளத் துண்டுகளும் குறுக்குத் துண்டுகளும் இணைத்துத் தைக்கப்பட்டு, நடுவே வரப்புகளைப் போலத் தையல்கள் ஓடும். தக்கிணாகிரி என்னும் பகுதிக்குப் போகும் வழியில் மகத நாட்டின் நெல்வயல்கள் பாத்தி பாத்தியாகக் கிடந்ததைக் கண்ட புத்தர், இதுபோல ஆடை அமைக்க இயலுமா என்று தம் அணுக்கச் சீடர் ஆனந்தரைக் கேட்டார். ஆனந்தர் அமைத்துக் காட்டினார். வெட்டித் தைத்த துணியின்மேல் யாருக்கும் ஆசை எழாது என்பதும் ஒரு காரணம்.

இன்னொரு நிகழ்ச்சியை நான் திரும்பத் திரும்பப் படிக்கிறேன். வயிற்றுப்போக்கு கண்ட ஒரு பிக்கு, தன் மலமூத்திரத்திலேயே கவனிப்பாரின்றிக் கிடந்தார். அவரால் மற்றவர்களுக்கு ஒரு பயனும் இல்லாததால் யாரும் அவரைக் கவனிக்கவில்லை. ஆனந்தர் தண்ணீர் கொண்டுவர, புத்தர் அதை ஊற்ற, ஆனந்தர் கழுவிவிட்டார். பிறகு தலைப்பக்கம் புத்தரும் கால்பக்கம் ஆனந்தருமாகத் தூக்கிக் கட்டிலில் கிடத்தினார்கள். உங்களைப் பார்த்துக்கொள்ள இங்கே தாயும் இல்லை, தந்தையும் இல்லை, ஒருவரையொருவர் நீங்களே பார்த்துக்கொள்ளாவிட்டால் வேறு யார் பார்ப்பார்கள் என்று சங்கத்தைக் கேட்ட புத்தர், எனக்குப் பணிவிடை செய்ய விரும்புபவர் நோயாளிக்குச் செய்யட்டும் என்றார். துக்கம் என்னும் முதல் வாய்மைக்கு இதைவிடச் சிறந்த உரையை நான் கண்டதில்லை.

புத்தர் பிறந்த சாக்கிய குலத்து இளைஞர்கள் துறவு பூண வந்தபோது, தங்கள் குலச்செருக்கு அடங்கவேண்டும் என்பதற்காக, உடன்வந்த நாவிதர் உபாலிக்கு முதலில் துறவு அளிக்கும்படி அவர்களே வேண்டினார்கள். அதனால் உபாலி மூத்தவரானார். இளவரசர்கள் அவரை வணங்கினார்கள். அதே சங்கத்தில் பெண்கள் நுழைந்த கதையோ என்னை இன்றும் வருத்துகிறது. புத்தரை வளர்த்த மகாபிரஜாபதி, வீங்கிய கால்களும் புழுதி படிந்த உடலுமாக வைசாலியில் வாயிலுக்கு வெளியே அழுதுகொண்டு நின்றார். ஆனந்தர் பரிந்து பேசிய பிறகே இசைவு கிடைத்தது, அதுவும் எட்டு நிபந்தனைகளோடு. துறவேற்று நூறாண்டு கண்ட பிக்குணியும் அன்றைக்குத் துறவேற்ற பிக்குவை வணங்கவேண்டும் என்பது அவற்றில் ஒன்று. இவை பிற்காலத்தில் சேர்க்கப்பட்டவை என்று கருதும் ஆய்வாளர்கள் உண்டு. உபாலியின் கதையை வைத்துப் பார்த்தால் எனக்கும் அப்படித்தான் தோன்றுகிறது.

இராஜகிருகத்தில் வைபார மலைமேல் சத்தபண்ணிக் குகைகள் இருக்கின்றன. ஏறுவது கடினம்தான், ஆனாலும் முடிந்தால் போய்வா. புத்தர் மறைந்தபின் ஐந்நூறு பிக்குகள் மூத்த சீடர் மகாகாசியபரின் தலைமையில் அங்கே கூடினார்கள் என்பது மரபு. விநயத்தை உபாலியும் பேருரைகளை ஆனந்தரும் சொன்னார்கள். தமக்குப் பின் சங்கம் விரும்பினால் சிறுசிறு விதிகளை நீக்கிக்கொள்ளலாம் என்று புத்தர் கூறியிருந்ததை ஆனந்தர் அங்கே தெரிவித்தார். ஆனால் எவை சிறு விதிகள் என்று அவர் கேட்டுவைத்திருக்கவில்லை. ஆளுக்கொரு கருத்துச் சொன்னதால், எதையும் நீக்குவதில்லை, புதிதாகச் சேர்ப்பதுமில்லை என்று மகாகாசியபர் முன்மொழிய, சங்கம் ஏற்றது. காரணத்தைச் சார்ந்து தோன்றிய விதிகள், காரணம் மறைந்தாலும் மறைய முடியாதவை ஆனது அன்றுதான் என்று நான் எண்ணுகிறேன். சங்கம் சிதறாமல் நிலைத்ததும் அந்த முடிவால்தான் என்று நீ வாதிடக்கூடும். அதில் உண்மை இல்லாமலில்லை.

பெண்களுக்காகப் பரிந்து பேசியதையும் அந்தக் கூட்டம் ஆனந்தரின் குற்றங்களுள் ஒன்றாக வைத்தது. அதை நான் தவறாகக் காணவில்லை, ஆயினும் உங்கள்மேல் உள்ள மதிப்பால் ஒப்புக்கொள்கிறேன் என்று அவர் விடையளித்தார். பணிந்தும் தன் கருத்தை விட்டுக்கொடுக்காத அந்த விடையைப் பற்றி நீ என்ன நினைக்கிறாய் என்று எழுது. மங்களத்திடமும் கேட்டு எழுது.

அன்புடன்,
கதிரேசன்