தம்ளரில் நிற்கும் பிரஷ்கள்

அன்புள்ள சேகர்,

உன் கடிதம் வந்து பத்து நாளாகிறது. ஐப்பசி அடைமழையில் போர்டு எழுதும் வேலை எல்லாம் நின்று வீட்டிலேயே கிடக்கிறேன். முழங்கால் அப்படியேதான் இருக்கிறது.

பேத்தி அக்ரிலிக் பெயின்டில் படம் வரைய இறங்கியது சந்தோஷம். மூன்றே மாதத்தில் பிரஷ்கள் முடி கொட்டுகின்றன, கடைக்காரன் ஏமாற்றிவிட்டான் என்கிறாய். அவனைத் திட்டுமுன் ஒன்று கேள்: கழுவியதும் அவற்றை எங்கே வைக்கிறாள்? முடி மேலே பார்க்கத் தம்ளரில் நிறுத்துகிறாள்தானே? நானும் முப்பது வருஷம் அதைத்தான் செய்தேன்.

ஈரம் மேலேயே நிற்குமா? முடியைக் கட்டையோடு பிடித்திருக்கும் தகரப் பட்டைக்குள் இறங்கிவிடும். அங்கே முடியை ஒட்டியிருக்கும் பசை இளகும். கட்டை ஊறி உப்பும், காய்ந்தால் சுருங்கும். மேல் பூச்சு செதில் செதிலாக உரிந்து, கடைசியில் கழுத்தே ஆடும். அதனால் ஈரத்தைத் துணியில் ஒற்றி, நுனியை விரலால் கூட்டி, படுக்கப் போடச் சொல். நான் ஜன்னலில் ஒரு கயிறு கட்டி, துணி கிளிப்பில் தலைகீழாகத் தொங்கவிடுகிறேன். வீட்டில் வௌவால் வளர்க்கிறேன் என்று மருமகள் கேலி செய்கிறாள்.

அக்ரிலிக் காய்ந்தால் பிளாஸ்டிக்தான், அப்புறம் தண்ணீருக்கு மசியாது. டீ குடித்துவிட்டு வந்து கழுவலாம் என்றெல்லாம் விடக்கூடாது. கழுத்துவரை பெயின்டில் முக்கவும் கூடாது. அங்கே இறுகிய பெயின்ட்தான் முடியைப் பிளந்து பிரஷைத் துடைப்பமாக்குகிறது. சோப்பை உள்ளங்கையில் தேய்த்து, நுரை வெள்ளையாக வரும்வரை பிரஷைச் சுழற்ற வேண்டும். வெந்நீர் ஆகாது, பசை விட்டுவிடும். இன்னொன்று, நம்மைப் போல உதட்டில் வைத்து நுனி கூட்ட அவளை விடாதே. சில மஞ்சள், சிவப்புகளில் காட்மியம் என்ற விஷ உலோகம் இருக்கிறது.

பட்டறையில் மாஸ்டர் நம்மை இதற்காக எத்தனை தடவை திட்டியிருப்பார்! எனாமல் பிரஷை மண்ணெண்ணெயில் அலசி, தேங்காய் எண்ணெய் தடவி வைக்காமல் யாரும் வீட்டுக்குப் போக முடியாது. அவருடைய கீரி முடி பிரஷ்களைத் தொடவே விடமாட்டார். இன்று அதை விற்பதே வனவிலங்குச் சட்டப்படி குற்றம்.

சரி, ஒரு பழைய பொய்யையும் சொல்லிவிடுகிறேன். லண்டனிலிருந்து நீ எனக்கு ஒரு வின்சர் நியூட்டன் சீரிஸ் 7 பிரஷ் வாங்கிவந்தாயே, 1866இல் விக்டோரியா ராணிக்காகச் செய்த வகை என்று ஊரெல்லாம் சொல்லிக்கொண்டு? அது பஸ்ஸில் தொலைந்தது என்றேன். தொலையவில்லை. இதே போல ஒரு மழைக்காலத்தில், ஈரத்தோடு தகர டப்பாவில் போட்டு மூடி வைத்தேன். தீபாவளி கழித்துத் திறந்தால் முடி முழுக்கப் பூஞ்சை. அலசிப் பார்த்தேன், கொத்துக் கொத்தாகக் கையோடு வந்தது. உன்னிடம் சொல்ல வெட்கமாக இருந்தது. கட்டையை மட்டும் எறிய மனசு வரவில்லை, இன்னும் அதில்தான் வார்னிஷ் கலக்குகிறேன்.

பேத்தியின் பிரஷ்களை எறிய வேண்டாம். இறுகிப்போனவற்றை ஸ்பிரிட்டில் ஊறப்போட்டால் சிலது பிழைக்கும். தை பிறந்ததும் வருகிறேன், உட்கார்ந்து பார்க்கலாம். திட்டுவதையும் அப்போதே வைத்துக்கொள்.

அன்புடன்,
முத்து