சாவர்க்ரவுட்டில் கிம்ச்சி ஜிகே: தம்பிக்கு ஒரு கடிதம்

அன்புள்ள தம்பிக்கு,

சாவர்க்ரவுட் எனும் ஜெர்மானியப் புளித்த முட்டைகோஸைப் போட்டு வைத்த கிம்ச்சி ஜிகேயில், அதாவது கொரியர்களின் புளித்த கோஸ் குழம்பில், புளிப்பைத் தவிர வேறு ருசியே இல்லை, உருளைக்கிழங்கு முக்கால் மணி நேரம் கொதித்தும் வேகவில்லை என்று எழுதியிருந்தாய். இரண்டுக்கும் காரணம் இருக்கிறது. இதில் தடுமாறுகிறவர்கள் நிறைய என்பதால் எல்லோரும் படிக்கும்படி இங்கேயே எழுதுகிறேன்.

முதலில் ஒன்று. இது உணவகங்கள் புதுமைக்காகச் செய்த கலப்பு என்று நினைத்துவிடாதே. 1963இலிருந்து 1977 வரை ஏறக்குறைய 8,000 கொரியர்கள் மேற்கு ஜெர்மனியின் நிலக்கரிச் சுரங்கங்களுக்கு வேலைக்குப் போனார்கள். செவிலியராகப் போன பெண்கள் 10,000க்கும் மேல். கிம்ச்சிக்கான நீளக் கோஸ் கிடைக்காத ஊரில், கையில் கிடைத்த வெள்ளை முட்டைகோஸையும் சாவர்க்ரவுட்டையும் வைத்துத்தான் ஊர் ருசியைத் தேடினார்கள். ஆகவே இது வீட்டுச் சாப்பாடு. அந்த மரியாதையோடு அடுப்பை மூட்டு.

உன் புளிப்புப் பிரச்சினைக்கு வருகிறேன். கிம்ச்சி, சாவர்க்ரவுட் இரண்டுமே உப்பில் ஊறி லாக்டிக் அமிலத்தால் புளித்த கோஸ்தான். ஆனால் கிம்ச்சியில் மிளகாய்த்தூள், பூண்டு, இஞ்சி, உப்பிட்ட இறால் அல்லது மீன் சாஸ் எல்லாம் கோஸோடு சேர்ந்தே புளிக்கின்றன. சாவர்க்ரவுட்டில் அடிப்படையில் கோஸும் உப்பும் மட்டுமே. அதை நேராகக் கொதிக்கும் தண்ணீரில் போட்டால் புளித்தண்ணீர்தான் மிஞ்சும். இல்லாத ருசிகளை எண்ணெயில் வதக்கும்போதே அதற்குள் ஏற்ற வேண்டும்.

நான்கு பேருக்கு அளவு: சாவர்க்ரவுட் 500 கிராம், கொழுப்புள்ள பன்றி வயிற்றுக்கறி 250 கிராம், காஸ்லர் எனும் புகையூட்டிய பன்றிக்கறி 150 கிராம், உருளைக்கிழங்கு 400 கிராம், டோஃபு 300 கிராம், பெரிய வெங்காயம் ஒன்று, பூண்டு 6 பல், கொச்சுகாரு எனும் கொரிய மிளகாய்த்தூள் 2 மேசைக்கரண்டி, கொச்சுஜாங் எனும் கொரிய மிளகாய் விழுது 1 மேசைக்கரண்டி, மீன் சாஸ் 1 மேசைக்கரண்டி, சர்க்கரை 1 தேக்கரண்டி. உப்பு வேண்டாம், காஸ்லரிலும் மீன் சாஸிலும் இருப்பதே போதும்.

சாவர்க்ரவுட்டை ஒரு வாய் தின்று பார். பல் கூசினால் ஒரே ஒரு முறை அலசிப் பிழி. இரண்டு முறை அலசினால் வெறும் நார்தான் மிஞ்சும். பிழிந்த சாற்றைக் கொட்டாதே, கடைசியில் தேவைப்படலாம். அதில் வக்ஹோல்டர் (வாசனைக்குப் போடும் ஜூனிபர்) பழம் கிடந்தால் பொறுக்கி எடுத்துவிடு, அதன் வாசம் மிளகாயோடு சண்டை போடும். சீரகம் போலிருக்கும் க்யும்மல் சிறிது இருந்தால் பாதகமில்லை.

உருளைக்கிழங்கு வேகாததற்குக் காரணம் அமிலம். கிழங்கின் செல்களை ஒட்டிவைத்திருக்கும் பெக்டின் புளிப்பில் கரையாது. எவ்வளவு நேரம் கொதித்தாலும் நடுவே கடித்தால் நறுக்கென்றுதான் இருக்கும். அதனால் அரிசி களைந்த இரண்டாம் தண்ணீர் ஒரு லிட்டரில் கிழங்கைத் தனியாக வேகவை, கத்தி உள்ளே இறங்கினால் எடுத்துவிடு. அந்தத் தண்ணீர்தான் நமக்கு ரசம். அதிலுள்ள மாவுச்சத்து குழம்புக்குக் கெட்டித்தன்மை தரும்.

அடிகனமான பாத்திரத்தில் வயிற்றுக்கறியை அதன் கொழுப்பிலேயே 6 நிமிடம் வதக்கி, வெங்காயம் சேர். பிறகு தீயை நன்றாகக் குறைத்துப் பூண்டும் கொச்சுகாருவும் போடு. அரை நிமிடம் போதும். கொச்சுகாரு நொடியில் கருகும், கருகினால் கசப்பு போகாது, தூக்கிப் போட்டுவிட்டுத் திரும்பத் தொடங்குவதே நல்லது. உடனே சாவர்க்ரவுட், கொச்சுஜாங், மீன் சாஸ், சர்க்கரை. இனி 10 நிமிடம் பொறுமையாக வதக்கு. இந்தப் பத்து நிமிடம்தான் சமையலே. கோஸ் கொழுப்பை உறிஞ்சிச் செம்மண் நிறத்துக்கு வரும்வரை தண்ணீர் ஊற்றாதே.

அப்புறம் கிழங்குத் தண்ணீரை ஊற்றி 25 நிமிடம் மெல்லிய தீயில் விடு. காஸ்லரும் கிழங்கும் சேர்த்து 8 நிமிடம், டோஃபு போட்டு 3 நிமிடம். காஸ்லரை முதலிலேயே போட்டால் குழம்பு முழுக்கப் புகை நெடியாகிவிடும். புளிப்பு தூக்கலாகத் தெரிந்தால் இன்னும் அரைத் தேக்கரண்டி சர்க்கரை, கொஞ்சம் வெண்ணெய். ஆப்பசோடா போடச் சொல்வார்கள், கேட்காதே; கோஸ் குழைந்து சோப்பு ருசி வரும். புளிப்பு குறைந்தால் எடுத்துவைத்த சாறு இருக்கிறது.

கொச்சுகாரு இல்லையென்று பாப்ரிகா எடல்ஸ்யூஸ் எனும் காரமில்லாத மிளகாய்த்தூளை மட்டும் போடாதே, நிறம் வரும், உறைப்பு வராது. அதில் கால் பங்கு காரமான மிளகாய்த்தூள் கலந்துகொள். சோற்றுக்குக் கொரியக் கடை தேடி அலைய வேண்டாம். ஜெர்மன் கடைகளில் பால்சோற்றுக்கு விற்கும் மில்ஹ்ரைஸ் குட்டை அரிசிதான், ஒட்டலாக நன்றாக வரும். மிச்சக் குழம்பை மறுநாள் சூடாக்கும்போது அரை டம்ளர் தண்ணீர் சேர்க்க மறக்காதே, கிழங்கு இரவிலேயே ரசத்தைக் குடித்திருக்கும்.

அன்புடன்,
அண்ணன்